தட்டிச் சொன்ன எண்கள்

ஞெப்பி நாள் விடிந்து, முற்றத்தில் வெயில் இறங்கிய பிறகுதான் சுவி தான் செய்து வைத்திருந்த காரியத்தைக் கண்டுபிடித்தாள். அதுவும் செய்வதற்கு வேறு வேலை இல்லாததால்.

ஞெப்பி அன்று பாலித் தீவில் அடுப்பு எரியாது, விளக்கு எரியாது, யாரும் தெருவில் கால் வைப்பதில்லை. விமானம்கூட வந்து இறங்காது. சில வருடங்களாக இதோடு இன்னொன்றும் சேர்ந்துகொண்டது. கைபேசியில் இணையம் வராது. விடியற்காலையில் நிறுத்தினால் மறுநாள் விடியற்காலையில்தான் திரும்ப விடுவார்கள். பேச்சும் குறுஞ்செய்தியும் மட்டும் போகும். அவை வேறு பாதையில் ஓடுகிறவை. ஆத்திர அவசரத்துக்கு வேண்டுமென்று அந்தப் பாதையை மட்டும் திறந்து வைத்திருக்கிறார்கள். சுவியின் வீட்டில் கம்பி இணைப்பும் கிடையாது. அதனால் அவள் கைபேசி அன்று ஒரு கடிகாரம், ஒரு கண்ணாடி, பழைய படங்கள் கிடக்கும் ஒரு பெட்டி. அவ்வளவுதான்.

அப்பா குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். சுவி பாயில் கவிழ்ந்து படுத்து, ஓடாத செயலிகளை ஒவ்வொன்றாகத் திறந்து மூடிக்கொண்டிருந்தாள். இணையம் இல்லாவிட்டாலும் செயலி கடைசியாகப் பார்த்ததை நினைவில் வைத்திருக்கும். அந்த நினைவுக்குள்தான் அது கிடந்தது. இன்று நடுப்பகலில் வெளியாக வேண்டிய வீடியோ. சின்னப் படம், அதன் ஓரத்தில் அதன் நீளம். நான்கு நிமிடத்துக்கு மேல் காட்டியது.

அவள் எழுந்து உட்கார்ந்தாள். அது ஒரு நிமிடம்தான் இருக்க வேண்டும்.

சுவி தன் பஞ்சாரின், அதாவது ஊர்ப்பகுதியின், இளைஞர் குழுவுக்கு வீடியோக்காரி. ஒவ்வொரு வருடமும் ஞெப்பிக்கு முந்தின நாள் ஊர்வலத்துக்காகக் குழு ஒரு பெரிய பூத பொம்மை செய்யும். ஓகோ-ஓகோ என்று பெயர். மூங்கிலைப் பிளந்து விலா எலும்பு கட்டி, மேலே காகிதம் ஒட்டி, நகம், பல், முடி என்று வைத்து, கடைசியில் இருபது பேர் தோளில் ஏற்றுவார்கள். இந்த வருட பொம்மையின் கழுத்துக்குள் பழைய மோட்டார் சைக்கிளின் சங்கிலியை ஓட்டி, தலை தானாகத் திரும்பும்படி செய்திருந்தார்கள். அந்தச் சங்கிலி எப்படி ஓடுகிறது என்று காட்டும் வீடியோதான் இன்று வர வேண்டியது.

இணையம் இல்லாத நாளில் எதற்கு வீடியோ என்றால், அதற்கும் ஒரு கணக்கு இருக்கிறது. தீவில்தான் இணையம் இல்லை. ஜகார்த்தாவில் இருக்கிறது, சியோலில் இருக்கிறது, மெல்போர்னில் இருக்கிறது. எந்த வீடியோவை யாருக்குக் காட்டுவது என்று முடிவு செய்கிற இயந்திரத்துக்கு ஞெப்பி தெரியாது. ஒரு கணக்கு ஒரு நாள் சும்மா கிடந்தால் அதைக் கீழே தள்ளிவிடும். அதனால் பாலியின் பையன்களும் பெண்களும் முந்தின நாளே வீடியோவை ஏற்றி, நேரம் குறித்து வைத்துவிடுவார்கள். வேறு ஏதோ நாட்டில் குளிரூட்டிய அறைக்குள் இருக்கும் கணினி, குறித்த நேரத்தில் அதை வெளியே விடும். ஏற்றியவர் விரதம் இருப்பார், வீடியோ உலகம் சுற்றும்.

சுவி அந்த வீடியோவை எடுத்த அன்று யோக்யகர்த்தாவிலிருந்து கல்லூரித் தோழி நிக்கேன், இரண்டு நண்பர்களோடு வந்திருந்தாள். பட்டறையில் கைபேசியைத் தாங்கியில் நிறுத்திவிட்டு எல்லோரும் பேசிக்கொண்டிருந்தார்கள். சங்கிலியைக் காட்டி முடித்த பிறகும் பதிவு ஓடிக்கொண்டிருந்தது. அதில் குழுவைச் சேர்ந்த அரிம்பாவா வருகிறான். போன வருடம் ஊர்வலத்தில் நாற்சந்தியில் பொம்மையைச் சுற்றும்போது, முன் மூங்கிலைப் பிடித்திருந்த அரிம்பாவாவுக்குத்தான் சாமி வந்தது. உடம்பு விறைத்து, இரண்டு கையையும் நகம் போல வளைத்து, தொண்டையிலிருந்து அவனுடையதல்லாத ஒரு சத்தம் போட்டுக்கொண்டு தார்ச் சாலையில் விழுந்தான். ஐந்தாறு பேர் சேர்ந்தும் பிடிக்க முடியவில்லை. பூசாரி தண்ணீர் தெளித்த பிறகு அழுதுகொண்டே கண் திறந்தான். அதைப் படமெடுத்ததும் சுவிதான். அது பல லட்சம் பேரிடம் போனது. அவன் போட்ட சத்தத்தை வெட்டி எடுத்து, அதற்குத் தாளம் சேர்த்து, எங்கெங்கோ இருப்பவர்கள் ஆடினார்கள்.

அதைப் பற்றித்தான் நிக்கேன் பட்டறையில் கேட்டாள். அரிம்பாவா சிரித்தான். "அதுவா? சும்மா நடிச்சேன். கேமரா இருந்துச்சு, விழுந்தேன்" என்றான். எல்லோரும் சிரித்தார்கள்.

சுவி அந்தப் பகுதியை வெட்டி நீக்கி, மிச்சத்தைத் தனியாகச் சேமித்திருந்தாள். ஆனால் ஏற்றியது வெட்டாததை. இரண்டுக்கும் முகப்பில் ஒரே படம், அதே மூங்கில் விலா. ஊர்வலத்துக்குக் கிளம்பும் அவசரத்தில் விரல் தவறிவிட்டது.

நடுப்பகலில் அது வெளியாகும். நாளை காலை இணையம் வந்ததும் முதலில் பார்ப்பது பஞ்சார்தான். சாமி வந்ததாக நடித்தவனை ஊர்க்கூட்டம் கூப்பிட்டு நிறுத்தும். பக்கத்தில் அவன் அம்மா நிற்க வேண்டியிருக்கும். மகனுக்குச் சாமி வந்ததற்காக, கப்பலில் வேலை செய்யும் கணவன் அனுப்பிய பணத்தைச் சேர்த்து வீட்டுக் கோயிலில் புதிய மேடை எழுப்பியவள் அவள்.

பிறகு யோசித்தாள். வீடியோவை இங்கிருந்து நீக்க முடியாது. ஜாவாவிலிருந்து முடியும்.

ஞெப்பி அன்று ஒரு வீட்டில் பேசினால் அது தெருக்கோடிக்குக் கேட்கும். வண்டி இல்லை, வானொலி இல்லை, சத்தத்தை விழுங்க ஒன்றுமே இல்லை. குளியலறை உதவாது, ஓடு பதித்த சுவர் குரலைப் பெரிதாக்கித் திருப்பி அனுப்பும். துணிதான் குரலைக் குடிக்கும். சுவி அலமாரியைத் திறந்து, தொங்கிய உடுப்புகளுக்கு நடுவே தலையை நுழைத்துக்கொண்டு, அப்பாவின் பட்டன் போனிலிருந்து நிக்கேனை அழைத்தாள்.

"என்னடி, இன்னிக்கு உங்க ஊர்ல போன் பேசினா பாவம் இல்லையா?" என்றாள் நிக்கேன். "இல்ல, அந்தப் பாவமும் நாளைக்குக் காலையிலதான் டவுன்லோட் ஆகுமா?"

"சிரிக்காத. குழுக் கணக்குக்குள்ள போ. கடவுச்சொல் சொல்றேன். ஒரு வீடியோ மதியம் வர்ற மாதிரி இருக்கு, அதைத் தூக்கு."

"எதை?"

"அரிம் பேசுறது."

"நான் கேட்டேனே, அதுவா? அது நல்லா இருக்குமேடி. எவ்வளவு நேர்மையா சொல்றான். அது போனா ஒரே நாள்ல எங்கயோ போயிடும் உங்க கணக்கு."

"நாங்களும் எங்கயோ போயிடுவோம். தூக்குடி."

நிக்கேன் முணுமுணுத்துக்கொண்டே எழுத்துகளைத் தட்டினாள். பிறகு நிறுத்தினாள். "உள்ள விட மாட்டேங்குது. புதுக் கருவியாம். குறுஞ்செய்தியில எண் அனுப்பியிருக்காம், அதைக் கேக்குது."

"எனக்கு ஒண்ணும் வரலையே."

"உன் நம்பருக்கு இல்ல. கடைசி ரெண்டு எண் வேற."

சுவிக்கு அப்போதுதான் நினைவு வந்தது. கணக்கைத் தொடங்கியபோது குழுத் தலைவன் அரிம்பாவா. அவன் எண்ணைத்தான் கொடுத்திருந்தார்கள். இப்படிப்பட்ட கணக்குகளுக்கு இரண்டு பூட்டு. கடவுச்சொல் ஒன்று, இந்த எண் இன்னொன்று. கடவுச்சொல்லைத் திருடினவன்கூட, சொந்தக்காரனின் கைபேசி கையில் இல்லாமல் உள்ளே வர முடியாது. நல்ல ஏற்பாடு. இன்று மட்டும் அது அவள் கழுத்தைப் பிடித்தது. அவனுக்குத் தெரியாமலே நீக்கிவிட்டு, வாழ்நாள் முழுக்க வாயை மூடிக்கொண்டிருக்கலாம் என்றுதான் அவள் நினைத்திருந்தாள்.

அவன் இந்த வருடம் பொம்மை தூக்கவில்லை. ஊர்க்காவலுக்குப் பெயர் கொடுத்துவிட்டான். கட்டம் போட்ட துணியை இடுப்பில் சுற்றி, யாராவது வெளியே வருகிறார்களா என்று தெருத்தெருவாக நடக்கிற வேலை. சுவி தன் கைபேசியில் அவன் எண்ணை அழுத்தி மற்றக் காதில் வைத்தாள். இப்போது ஒரு காதில் நிக்கேன், ஒரு காதில் மணி.

நெடுநேரம் அடித்து, எடுக்கப்பட்டது. பேச்சில்லை. மூச்சு மட்டும் கேட்டது.

"பிளி?" என்றாள். அவன் அவளைவிட இரண்டு வயது மூத்தவன். சின்னதிலிருந்தே அவளுக்கு அவன் அண்ணன் முறை. "பக்கத்துல பெரியவங்க இருக்காங்களா? பேச முடியாதா? ஆமான்னா போன்மேல ஒரு தட்டு தட்டு."

கொஞ்சம் பொறுத்து, 'டொக்' என்று ஒரு தட்டு.

"சரி. நீ பேச வேண்டாம், கேளு. திட்டறதா இருந்தா நாளைக்குத் திட்டு. பட்டறையில நிக்கேன்கிட்ட சொன்னியே, போன வருஷம் உனக்கு வந்ததெல்லாம் நடிப்புன்னு, கேமராவுக்காக விழுந்தேன்னு. அது பதிவாயிருக்கு. நான் அதை வெட்டினேன், ஆனா வெட்டாததை ஏத்திட்டேன். மதியம் வெளிய போயிடும். நிக்கேன் இப்பவே தூக்கிடுவா. உன் போனுக்கு ஒரு எண் வந்திருக்கும் பாரு, ஆறு எண். அதை எனக்குத் தட்டிக் காட்டு. நாலுன்னா நாலு தட்டு. ஒரு எண்ணுக்கும் அடுத்த எண்ணுக்கும் நடுவுல மூச்சு விடற அளவுக்கு நிறுத்து. புரியுதா?"

ஒன்றும் வரவில்லை.

"பிளி, கோவம்னு தெரியும். என்மேல தப்பு. ஆனா இது வெளிய போச்சுன்னா ஊர் உன்னை விடாது. ஊரை விடு, மெமே தாங்குவாங்களா? நீ நடிச்சது உங்கம்மாவுக்குத் தெரிஞ்சா அவங்க உடைஞ்சு போயிடுவாங்க. அவங்களுக்காகவாவது தட்டு."

மூச்சும் நின்றுபோனது போலிருந்தது. தொடர்பு அறுந்துவிட்டதா என்று திரையைப் பார்த்தாள். அறுபடவில்லை.

"என்னடி ஆச்சு?" என்றாள் நிக்கேன் அந்தக் காதில். "இந்த எண் கொஞ்ச நேரம்தான் தாங்கும். சீக்கிரம்."

"அவன் தட்ட மாட்டேங்கறான்."

"செத்துப் போச்சு. நேரம் முடிஞ்சிடுச்சு. வேற எண் அனுப்பச் சொல்லட்டா?"

"அனுப்பு." சுவி கைபேசியை உதட்டோடு ஒட்டிக்கொண்டாள். "பிளி. இன்னொண்ணு வரும். தயவுசெஞ்சு."

இந்த முறை உடனே வந்தது. டொக், டொக், டொக், டொக். நிறுத்தம். "நாலு" என்றாள் சுவி. அடுத்தது தட்டு இல்லை. நகத்தால் ஒரு கீறல், நீளமாக. அவளுக்கு ஒரு கணம் விளங்கவில்லை, பிறகு விளங்கியது. பூஜ்யத்தை எத்தனை தடவை தட்டுவது என்று அவள் சொல்லவில்லை. எதிர்முனையில் இருந்தவர் தானாகவே ஒரு வழி கண்டுபிடித்துவிட்டார். "பூஜ்யம்" என்றாள். அடுத்து வந்த தட்டுகள் ஒரே அளவாக, ஒரே வேகத்தில், காய் எண்ணிக் கூடையில் போடுவது போல விழுந்தன. ஏழு. இரண்டு. மறுபடி இரண்டு. ஐந்து.

"உள்ள போயிட்டேன்" என்றாள் நிக்கேன். கொஞ்ச நேரம் கழித்து, "தூக்கிட்டேன். குப்பையிலேந்தும் தூக்கிட்டேன். இனிமே கடவுளே தேடினாலும் கிடைக்காது. போய்ப் பட்டினி கிட" என்று வைத்துவிட்டாள்.

சுவி அலமாரியிலிருந்து தலையை வெளியே எடுத்தாள். முகமெல்லாம் வேர்வை. இன்னொரு கைபேசி இன்னும் காதில்தான் இருந்தது. "முடிஞ்சுது, பிளி. ஒருத்தருக்கும் தெரியாது" என்று சொல்லிக்கொண்டே காற்றுக்காக முற்றத்தில் இறங்கினாள். எதிர்முனை அழைப்பைத் துண்டிக்கவில்லை. அவளும் துண்டிக்கவில்லை. இருவரும் எதற்கோ காத்திருப்பது போலிருந்தது.

வெளியே காலடிச் சத்தம். சுவி வாசல் கதவின் இடுக்கில் கண்ணை வைத்தாள். தெருவில் இரண்டு காவல்காரர்கள் நடந்து வந்தார்கள். முன்னால் ஒரு பெரியவர். பத்தடி பின்னால் அரிம்பாவா. இரண்டு கைகளையும் வயிற்றின்மேல் கோத்துக்கொண்டு, தலையைக் குனிந்து நடந்து வந்தான்.

கைகளில் ஒன்றுமில்லை.

சுவியின் காதில் அந்த மூச்சு இன்னும் கேட்டுக்கொண்டிருந்தது.

கதவில் நகத்தால் சுரண்டினாள். அவன் நின்றான். கதவருகே வந்து, உதட்டை அசைக்காமல் பேசினான். தங்கை முறைக்கு அவளைக் கெக் என்றுதான் கூப்பிடுவான்.

"உள்ள போ, கெக். யாருகிட்ட இவ்வளவு நேரம் பேசின? வார்த்தை புரியல, ஆனா முணுமுணுன்னு தெருவுக்குக் கேக்குது. பெரியவர் காதை இப்படித் திருப்பி வெச்சுக்கிட்டு வர்றார்."

"உன் போன் எங்க?"

"வீட்ல. இன்னிக்கு அது எதுக்கு? கல்லு மாதிரிதானே."

"வீட்ல யாரு?"

"அம்மாதான். வேற யாரு. ஏன்?"

கைபேசியைத் திருப்பி இடுக்கில் காட்டினாள். திரையில் அவன் பெயர் இருந்தது. பெயருக்குக் கீழே நொடிகள் ஓடிக்கொண்டிருந்தன. அவன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, எதிர்முனை துண்டிக்கப்பட்டது.

"அம்மாகிட்டயா பேசின?" என்றான். "அம்மா இன்னிக்குப் பேச மாட்டாளே. விடிஞ்சதுலேந்து நாளைக்கு விடியற வரைக்கும் வாயே தொறக்கக் கூடாதுன்னு விரதம். எனக்குப் போன வருஷம் வந்துச்சு இல்ல, அதுக்கு நன்றி சொல்லணுமாம்."

சுவி சொன்னாள். கதவு இடுக்கில் வாயை வைத்து எல்லாவற்றையும் சொன்னாள். ஏற்றிய வீடியோ, எண், தட்டு, 'உங்கம்மாவுக்குத் தெரியக் கூடாது' என்று அந்த அம்மாவிடமே சொன்னது. முடிந்ததும் அவன் ஒரு கையைக் கதவில் ஊன்றிக்கொண்டான்.

"நான் நடிக்கல" என்றான்.

"என்ன?"

"நடிச்சேன்னு சும்மா சொன்னேன், கெக். எனக்கு வந்துச்சு. என்ன நடந்துச்சுன்னே எனக்குத் தெரியாது."

"அப்புறம் ஏன் அப்படிச் சொன்ன?"

"என்னன்னு சொல்றது? ஒரு வருஷமா என் மூஞ்சிய வெச்சு ஸ்டிக்கர் அனுப்பறீங்க. என் சத்தத்துக்கு எவனோ கொரியாவுல ஆடறான். நிக்கேன்கூட வந்தவன் கேக்கறான், 'என்ன போட்டுக்கிட்டு ஆடின'ன்னு. எல்லாரும் சிரிச்சாங்க. நீயும்தான் சிரிச்ச. நடிப்புன்னு சொன்னா நான் கெட்டிக்காரன். வந்துச்சுன்னு சொன்னா நான் யாரு?" அவன் தெருவைத் திரும்பிப் பார்த்துக்கொண்டான். "இந்த வருஷம் ஏன் காவலுக்கு வந்தேன்னு நினைச்ச? பெரிய மனுஷன் ஆகறதுக்கா? அந்த மூங்கிலைத் தொட பயம்."

"ஏ தம்பி," என்றார் முன்னால் போன பெரியவர், தொண்டைக்குள்ளேயே. "நாம காவலுக்கு வந்தோமா, பொண்ணு பாக்க வந்தோமா?"

அரிம்பாவா கையை எடுத்தான். கதவில் அவன் உள்ளங்கையின் ஈரம் பதிந்திருந்தது. அவன் போனான்.

அன்று பகலெல்லாம் சுவி அந்தத் தட்டுகளைத்தான் கேட்டுக்கொண்டிருந்தாள். முதல் எண் வீணாகப் போனதே, அந்த நேரம் முழுக்க எதிர்முனையில் ஒருத்தி, தன் விரதம் எதற்காகவோ அதுவே பொய் என்று கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கேட்க வாயைத் திறக்க முடியாது. இரண்டாவது எண் வந்ததும் தட்டினாள். ஒன்றுகூடத் தப்பாகத் தட்டவில்லை.

மறுநாள் காலை இணையம் வந்தபோது கைபேசி பாயின் மேல் துடித்துத் துடித்து நகர்ந்தது. சுவி அதை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு தெருவில் இறங்கினாள். ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போய் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிற நாள் அது. அதனால் அவள் அரிம்பாவாவின் வீட்டுக்குப் போவதை யாரும் விசித்திரமாகப் பார்க்கவில்லை.

அவன் முற்றத்துப் படியில் உட்கார்ந்திருந்தான். தூங்காத கண்.

"நேத்து காவல் முடிஞ்சு வந்து எல்லாத்தையும் சொல்லிட்டேன்" என்றான் அடிக்குரலில். "நான் நடிக்கல, அங்கதான் பொய் சொன்னேன்னு. அவ முதுகைக் காட்டிக்கிட்டு உட்காந்திருந்தா. விடிஞ்சிடுச்சு, விரதமும் முடிஞ்சுது. இன்னும் ஒரு வார்த்தை இல்ல. இனிமே நான் எதைச் சொன்னாலும் நடிப்பாத்தானே தெரியும் அவளுக்கு?"

சமையல்கட்டிலிருந்து அவன் அம்மா மெமே ராய் வந்தாள். கையைத் துடைத்துக்கொண்டே வந்து சுவிக்கு எதிரில் உட்கார்ந்தாள். சுவி வரும் வழியெல்லாம் ஒத்திகை பார்த்த மன்னிப்பைத் தொடங்கினாள். "மெமே, நேத்து நான் தெரியாம..."

"வெச்சிருக்கியா?" என்றாள் அவள். ஒரு நாள் பேசாத தொண்டை கரகரத்தது. "அந்தப் படம். உன்கிட்ட இருக்கும் இல்ல. காட்டு."

சுவி அரிம்பாவாவைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான். வேறு வழியில்லாமல் வெட்டாத வீடியோவைத் திறந்து கொடுத்தாள். மெமே ராய் சங்கிலி, மூங்கில் எல்லாவற்றையும் பொறுமையாகப் பார்த்தாள். மகன் வந்தான், சிரித்தான், சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள். கைபேசியிலிருந்து தன் சிரிப்பும் வந்ததை சுவி கேட்டாள். மெமே ராய் விரலால் பின்னால் இழுத்து இன்னொரு தடவை பார்த்தாள். மூன்றாவது தடவை நடுவில் நிறுத்தினாள்.

"இங்க பாரு" என்றாள் சுவியிடம். "அந்தப் பொண்ணு இன்னும் கேட்டு முடிக்கல. அதுக்குள்ள இவன் பதில் சொல்லிட்டான். சின்ன வயசுலேந்து இவன் பொய் சொன்னா இப்படித்தான். கேள்விக்கு முன்னாடி பதில் வந்துடும். உண்மைன்னா யோசிச்சு, இழுத்து, நம்ம உயிரை வாங்கித்தான் சொல்லுவான்."

அரிம்பாவா நிமிர்ந்தான். "அப்போ நம்பறியா, மெமே? நான் நடிக்கலன்னு?"

"நம்பறேன்."

அவன் முகம் மலர்ந்தது. அம்மாவின் முகம் மலரவில்லை. அவள் கைபேசியைத் தரையில் வைத்தாள்.

"நேத்து இந்தப் பொண்ணு சொன்னப்போ, சரி, புத்தியில்லாத பையன், விளையாடிட்டான்னு நினைச்சேன். வலிச்சுது. ஆனா விளையாடறவனை என்ன பண்றது, வயசு அப்படி. பொழுது சாயறதுக்குள்ள மனசைத் தேத்திக்கிட்டேன். அப்புறம் நீ வந்து, இல்ல மெமே, நிஜமாவே வந்துச்சுன்னு சொல்ற." அவள் நிறுத்தினாள். "நடிச்சிருந்தாக்கூடப் பொறுத்துக்குவேன்டா. வந்ததை வரலைன்னு சொன்னியே. நாலு பேரு சிரிச்சாங்கன்னு. அதுக்கு நான் யாருகிட்ட போய் மன்னிப்புக் கேக்கறது?"

பக்கத்து வீட்டில் யாரோ மோட்டார் சைக்கிளை உதைத்தார்கள். அது கிளம்ப மறுத்துக்கொண்டிருந்தது. தான் நேற்று அலமாரிக்குள் தலையை நுழைத்து ஒளித்தது தவறான ஒன்றை என்று சுவிக்கு இப்போதுதான் உறைத்தது. வெட்கப்பட வேண்டியது அந்தப் பேச்சுக்கு அல்ல, அதற்குப் பிறகு வந்த சிரிப்புக்கு.

மெமே ராய் கைபேசியை எடுத்து சுவியின் கையில் கொடுத்தாள். "பிடி."

"எதை, மெமே?"

"அன்னிக்கு எப்படிப் பிடிச்சியோ அப்படி." மகனைப் பார்த்தாள். "சொல்லு. அன்னிக்கு என்ன ஆச்சுன்னு சொல்லு. அதை ஊருக்குக் காட்டறியா, உள்ளேயே வெச்சுக்கறியான்னு அப்புறம் நீங்களே முடிவு பண்ணுங்க. எனக்கு அந்த இயந்திரம் தெரியாது. ஆனா எதுக்கு முன்னாடி இல்லைன்னு சொன்னியோ, அதுக்கு முன்னாடியே ஆமான்னு சொல்லு."

சுவி கைபேசியைத் தூக்கினாள். பதிவு ஓடத் தொடங்கியது. அவன் வாயைத் திறந்து மூடினான். முகத்தைத் துடைத்தான். வழக்கம்போல ஒரு சிரிப்பு வந்து உதட்டோரம் நின்றது. அவன் அதைப் போக விட்டான். நேரம் போனது. இவ்வளவு நீளமான மௌனத்தை யாரும் பார்க்க மாட்டார்கள், முதல் சில நொடிகளிலேயே விரலால் தள்ளிவிட்டுப் போய்விடுவார்கள் என்று சுவிக்குத் தெரியும். நிறுத்த வேண்டும் என்று அவளுக்குத் தோன்றவில்லை.

"நாற்சந்தியில..." என்று அவன் ஆரம்பித்தான். மறுபடி நின்றான். யோசித்தான். "மூங்கில் தோள்ல இருந்துச்சு. அது வரைக்கும் தெரியும். அப்புறம் ரொம்பக் குளிர்ந்துச்சு. என் வாயிலேந்து ஒரு சத்தம் வந்துச்சாம். நான் அதை உங்க வீடியோவுலதான் கேட்டேன். எல்லாரையும் போல. என் குரலை முதல் தடவை கேக்கற மாதிரி இருந்துச்சு."

கைபேசிக்குப் பின்னால் அவன் அம்மா உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தாள்.